இழுப்பறையில் கிடந்த முதல் கால்கள்

புதைபடிவங்களைப் பற்றிய செய்தி நம் பத்திரிகைகளில் வரும்போதெல்லாம் அதனோடு ஒரு படமும் வருவது வழக்கமாகிவிட்டது. மனித சஞ்சாரமற்ற ஏதோவொரு மலைச்சாரலில், வெயிலில் கறுத்த முகமும் கையில் சுத்தியலுமாக ஒரு விஞ்ஞானி மண்டியிட்டு அமர்ந்திருப்பார். அவருக்கு முன்னே ஓர் ஆதிப் பிராணியின் எலும்பு பாறையிலிருந்து தலைநீட்டிக்கொண்டிருக்கும். படத்தில் பொய் ஒன்றுமில்லை. ஆனால் அதை மட்டுமே பார்த்துப் பழகிய ஜனங்களும், அவர்களுடைய வரிப்பணத்தைப் பங்கிடும் அதிகாரிகளும், கண்டுபிடிப்பு என்பது வெகுதூரத்தில், சாகசத்தின் பயனாக நிகழ்வது என்றும், கண்டெடுத்ததற்கு எண்ணிட்டு, இடமும் தேதியும் எழுதி, செல்லும் தூசும் அண்டாமல் வைத்துக் காப்பது வெறும் குமாஸ்தா வேலை என்றும் முடிவு கட்டிவிடுகிறார்கள். இந்த முடிவு தவறு என்பது என் அபிப்பிராயம். அதற்குச் சாட்சியாக, நீரைவிட்டு நிலத்தில் ஏறிய முதல் முதுகெலும்புப் பிராணிகளின் சரித்திரத்தையே அழைக்கிறேன். ஏனெனில் அந்தச் சரித்திரத்தின் திருப்பங்களில் பாதிக்குமேல் நிகழ்ந்த இடம் அருங்காட்சியகத்தின் இழுப்பறை.

டெவோனியன் யுகத்தின் பிற்பகுதியில், இன்றைக்கு உத்தேசமாக 38 கோடி ஆண்டுகளுக்கும் 36 கோடி ஆண்டுகளுக்கும் இடைப்பட்ட காலத்தில், சதைப்பற்றான துடுப்புகளையுடைய ஒரு மீன் வமிசத்திலிருந்து, காலும் விரலும் படைத்த ஜீவன்கள் தோன்றின என்பதைப் பள்ளிக்கூடத்துப் பாடப் புத்தகமே சொல்லும். தவளை, பல்லி, பாம்பு, பறவை, பசு, மனிதன் எல்லாம் அவற்றின் சந்ததி. எப்படி, எதன் நிமித்தம் என்ற கேள்விகளுக்குத்தான் வெகுகாலம் திருப்தியான விடை கிடைக்கவில்லை. ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்த ஆல்பிரட் ரோமர், அக்காலத்து ஆற்றுப் படிவுகளான செந்நிறப் பாறைகளைக் கடும் வறட்சியின் அடையாளமாகக் கொண்டு, குட்டைகள் வற்றியபோது மீன்கள் அடுத்த குட்டையைத் தேடித் தவழ்ந்து சென்றன, அவ்வாறு தவழ்ந்து தவழ்ந்தே துடுப்பு காலாயிற்று என்று விளக்கினார். நீரில் தொடர்ந்து வாழும் பொருட்டே நிலத்தில் நடக்கக் கற்றுக்கொண்டன என்னும் முரண் அந்த விளக்கத்துக்கு ஒரு கவர்ச்சியைக் கொடுத்தது. தலைமுறை தலைமுறையாக மாணவர்கள் அதையே படித்தார்கள்.

அதைக் கவிழ்த்த சான்று கிழக்கு கிரீன்லாந்திலிருந்து வந்தது. வந்த விதந்தான் நாம் கவனிக்கத்தக்கது. 1931 ஆம் ஆண்டில் லௌகே கோக் என்பவரின் தலைமையில் டென்மார்க் தேசத்தார் அனுப்பிய ஆராய்ச்சிக் குழுவில், குன்னார் ஸேவ்-ஸோடர்பெர்க் என்ற 21 வயது ஸ்வீடன் தேசத்து இளைஞர் இருந்தார். அவர் அங்கே திரட்டிய மண்டையோடுகளை 1932 இல் 'இக்தியோஸ்டீகா' என்று பெயரிட்டு உலகுக்கு அறிவித்தார். மீனின் வாலும் நாற்கால் பிராணியின் உடலும் சேர்ந்த அந்த விசித்திர ஜந்து ஒரே வருஷத்தில் கீர்த்தி பெற்றது. இளைஞருக்கோ ஆயுள் இல்லை. காச நோயால் 38 வயதில், 1948 இல் காலமானார். அவர் விட்ட பணியை ஏற்ற எரிக் யார்விக், அதே மலைகளிலிருந்து வந்த இரண்டு சிதைந்த மண்டையோட்டுத் துண்டுகளுக்கு 1952 இல் 'அகாந்தோஸ்டீகா' என்று பெயர் வைத்ததோடு அவற்றை ஒருபுறமாக வைத்துவிட்டு, இக்தியோஸ்டீகாவைப் பற்றிய தம் முழு நூலை 1996 இல், தொண்ணூறை நெருங்கிய வயதில்தான் வெளியிட்டார். நிதானம் நற்குணமே, ஆயினும் ஒரு பிராணியின் எலும்புகள் அத்தனையும் ஒருவருடைய மேசைமீது அரை நூற்றாண்டு தங்கியிருந்ததையும், மற்றவர்கள் அவர் வரைந்து காட்டிய ஐந்து விரல் சித்திரத்தையே பிரமாணமாகக் கொண்டு காத்திருக்க நேர்ந்ததையும் நான் மெச்சுவதற்கில்லை. காப்பது வேறு, பூட்டி வைப்பது வேறு.

இந்த நிலையில்தான் ஒரு மாணவரின் குறிப்புப் புத்தகம் கதைக்குள் வருகிறது. 1970 இல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்துப் புவியியல் துறையைச் சேர்ந்த பீட்டர் பிரெண்டின் குழுவினர், எலும்புகளைத் தேடியல்லாமல், பழைய ஆறுகள் மணலையும் வண்டலையும் எவ்வாறு படியவைத்தன என்று அறியும் பொருட்டே கிரீன்லாந்து சென்றார்கள். அவர்களுள் ஒருவராகிய ஜான் நிக்கல்சன் என்ற மாணவர், தம் வேலைக்கு நேரடியாகச் சம்பந்தமில்லாதபோதும், ஸ்டென்சியோ மலையில் 800 மீட்டர் உயரத்தில் இக்தியோஸ்டீகாவின் மண்டையோட்டு எலும்புகள் மிகுதியாகக் கிடப்பதாகக் குறிப்பெழுதி, சில கற்களையும் எடுத்துவந்து துறையில் ஒப்படைத்தார். கற்கள் இழுப்பறைக்குள் போயின. பதினைந்து ஆண்டுகள் எவரும் அவற்றைக் கேட்கவில்லை.

1980களின் நடுவில், அதே பல்கலைக்கழகத்து விலங்கியல் அருங்காட்சியகத்தில் பணியாற்றிய ஜெனி கிளாக் அம்மையார் அந்தக் குறிப்பைப் படித்து, அந்தக் கற்களைக் கேட்டு வாங்கிப் பார்த்தார். முன்னர் பர்மிங்ஹாம் நகரத்து அருங்காட்சியகத்திலும் சில ஆண்டுகள் வேலை பார்த்திருந்த அவருக்கு, இழுப்பறைகளின் மகிமை தெரிந்திருந்தது. தனித்தனியே கிடந்த துண்டுகள் ஒன்றோடொன்று பொருந்தின. பொருந்தியபோது அவை இக்தியோஸ்டீகா அல்ல, யார்விக் பெயரிட்டு ஒதுக்கிய அகாந்தோஸ்டீகாவின் மண்டையோடுகள் என்று தெரியவந்தது. குறிப்புப் புத்தகம் இடத்தையும் உயரத்தையும் சொல்லியிருந்தமையால், 1987 இல் ஒரு சிறு குழுவோடு கிரீன்லாந்து சென்ற கிளாக், மலையிலிருந்து சரிந்த கற்குவியலைத் தொடர்ந்து ஏறி, அவை வந்த படுகையையே கண்டுபிடித்தார். மாணவர் 'கிரீன்லாந்து' என்று மட்டும் எழுதியிருந்தால், அந்த விசாலமான தேசத்தில் எந்த மலையின் எந்தச் சரிவில் ஏறுவது? அடையாளச் சீட்டில்லாத கல், பத்திரமில்லாத நிலத்தைப் போன்றது. கண்ணுக்கு முன்னே இருக்கும், வழக்குக்கு உதவாது.

அந்தப் பயணத்தில் கிடைத்தவற்றைப் பாறையிலிருந்து பிரித்தெடுத்தபின், 1990 இல் மைக்கேல் கோட்ஸும் கிளாக்கும் வெளியிட்ட செய்தி சாஸ்திர உலகத்தைத் திடுக்கிடச் செய்தது. அகாந்தோஸ்டீகாவின் முன்னங்காலில் எட்டு விரல்கள். இக்தியோஸ்டீகாவின் பின்னங்காலில் ஏழு. ஐந்து என்பது ஆதிமுதல் விதிக்கப்பட்ட எண்ணிக்கை என்று நம்பியிருந்த உடற்கூற்று நூல்கள் எல்லாம் திருத்தப்பட வேண்டியதாயிற்று. அடுத்த ஆண்டில் வந்த கட்டுரையோ, அந்த ஜீவனுக்கு மீனைப்போல உட்செவுள்கள் இருந்ததைக் காட்டியது. வாலில் நீந்துவதற்கேற்ற அகன்ற துடுப்பு. உடலின் பாரத்தைத் தாங்க வல்லமையற்ற மணிக்கட்டு. ஆக, விரலும் காலும் இருந்தும் அது நிலத்தில் நடந்த பிராணியே அல்ல. செடி கொடிகள் அடர்ந்த நீரில் கால்களைத் துடுப்பாகவும் பற்றுக்கோலாகவும் உபயோகித்து வாழ்ந்தது. கால்கள் நீரிலேயே தோன்றிவிட்டன. நடை பின்னால் வந்தது. வற்றிய குட்டையும் தவழ்ந்த மீனும் அன்றோடு பாடப் புத்தகத்திலிருந்து விடைபெறத் தொடங்கின.

இது ஓர் அபூர்வமான தற்செயல் என்று சிலர் சொல்லக்கூடும். ஸ்காட்லாந்துக்கு வருவோம். அந்நாட்டின் வடக்கே எல்ஜின் நகருக்கு அருகில் ஸ்காட் கிரேக் என்ற இடத்துச் செம்மணற்பாறையில் முன்னோர் திரட்டிய எலும்புத் துணுக்குகள், மீன்களுடையவை என்ற பெயரில் பழைய சேகரிப்புகளில் கிடந்தன. அவற்றை ஒவ்வொன்றாகப் புரட்டிப் பார்த்த பெர் ஆல்பெர்க், சில தாடைகளும் சில கை கால் எலும்புகளும் மீனுடையவையாக இருக்க முடியாது என்று உணர்ந்து, 1995 இல் 'எல்ஜினெர்பெட்டன்' என்னும் புதிய பெயரால் அவற்றை வெளியிட்டார். அகாந்தோஸ்டீகாவுக்கும் மூத்தது அது. எந்தக் கால் எலும்பு எந்தத் தாடைக்குரியது என்பதில் விவாதம் உண்டு. அதை நிபுணர்களுக்கே விட்டுவிடலாம். இதைவிடப் பொருத்தமான உதாரணம் பெடர்பெஸ். டெவோனியன் யுகம் முடிந்தபின் வந்த ஒன்றரைக் கோடி ஆண்டுகளுக்கு மேற்பட்ட காலத்தில் நாற்கால் பிராணிகளின் எலும்புகள் ஏறக்குறைய எங்குமே கிடைக்காமலிருந்தன. அந்த வெற்றிடத்துக்கு 'ரோமரின் இடைவெளி' என்றே பெயர் நிலைத்துவிட்டது. விஞ்ஞானிகள் அதை எண்ணித் தவித்த காலத்தில், 1971 இல் டம்பார்டன் நகருக்கருகே கண்டெடுக்கப்பட்ட ஓர் எலும்புக்கூடு, மீன் என்ற சீட்டோடு அந்நாட்டு அருங்காட்சியகத்துக்குள் பல ஆண்டுகள் கிடந்தது! 2002 இல் கிளாக் அதற்குரிய ஸ்தானத்தை அளித்தபோது, முன்னோக்கித் திரும்பிய பாதங்களோடு, நடப்பதற்கென்றே அமைந்த மிகப் பழைய பிராணிகளுள் ஒன்றாக அது எழுந்து நின்றது. கண்டெடுத்த பெடர் ஆஸ்பனின் பெயரோடு, பாறையை மயிரிழை மயிரிழையாகச் செதுக்கி எலும்பை வெளிப்படுத்திய ஸாரா ஃபின்னியின் பெயரையும் சேர்த்து 'பெடர்பெஸ் ஃபின்னியே' என்று அதற்கு நாமகரணம் செய்தார்கள். பட்டறையில் குனிந்து உட்கார்ந்து வேலை செய்பவர்களுக்கு இவ்வளவு கௌரவம் செய்யும் சாஸ்திரங்கள் அதிகமில்லை.

வெளியே சென்று தேடுவது வீண் என்பது என் வாதமல்ல. அதே ஸ்காட்லாந்தில் ஸ்டான் வுட் என்பவர், 1984 இல் பாத்கேட் ஊருக்கருகே வயல்களைச் சுற்றிய கல் வேலிகளைக் கண்ணூன்றிப் பார்த்தே ஒரு புதையலுக்கு வழிகண்டார். வேலிக் கற்கள் ஈஸ்ட் கிர்க்டன் என்ற பழைய சுண்ணாம்புக்கல் குவாரியிலிருந்து வந்தவை. அந்தக் குவாரியை 1830களிலேயே ஸாமுவேல் ஹிப்பர்ட் ஆராய்ந்திருந்தார். அதற்குப் பிறகு ஏறத்தாழ நூற்றைம்பது ஆண்டுகள் அதைக் கடந்துபோனவர்கள் எத்தனை பேர்! வுட்டின் முயற்சியால் அங்கிருந்து வெளிவந்த, 33 கோடி ஆண்டுகளுக்கும் முற்பட்ட 'வெஸ்ட்லோதியானா' என்ற சிறு பிராணியை ஜனங்கள் 'லிஸ்ஸி' என்று செல்லமாக அழைத்தார்கள். உலகத்தின் முதல் ஊர்வன அதுவே என்று சில காலம் பேசப்பட்டதும் உண்டு.

கனடாவில், நோவா ஸ்கோஷியா மாகாணத்தின் ஜாகின்ஸ் கடற்கரையிலோ, தேடும் வேலையைச் சமுத்திரமே செய்கிறது. உலகத்திலேயே மிக உயர்ந்த ஓதங்கள் எழும் ஃபண்டி விரிகுடாவின் அலைகள் அங்கே நிலக்கரி யுகத்துப் பாறைச் சுவரை ஆண்டுதோறும் அரித்து, நின்ற நிலையிலேயே கல்லாகிப்போன மரங்களின் அடித்தண்டுகளைப் புதிது புதிதாக வெளிக்காட்டுகின்றன. வெள்ளம் கொண்டுவந்த மண் மரத்தின் அடியை மூட, மேற்பகுதி முறிந்து, உள்ளிருந்த சோறு அழுகிப் பொந்தாகிவிட்ட அந்த மரங்களுக்குள், சிறு பிராணிகள் விழுந்தோ ஒதுங்கியோ மாண்டன. 1852 இல் சார்லஸ் லயலும் வில்லியம் டாஸனும் அத்தகைய ஒரு பொந்துக்குள்ளேதான் முதல் எலும்புகளைக் கண்டார்கள். 1860 இல் டாஸன் பெயரிட்ட 'ஹைலோனோமஸ்', எலும்பே சாட்சியாக ஐயமின்றி ஊர்வன என்று சொல்லத்தக்க மிகப் பழைய பிராணியாக இன்றும் மதிக்கப்படுகிறது. அதன் வயது 31 கோடி ஆண்டுகளுக்கு மேல். ஆயினும் ஜாகின்ஸிலும் அலையின் பங்கு பாதிதான். டாஸன் தம் கற்களைப் பத்திரமாக வைத்தபடியால், ஒரு நூற்றாண்டு கழித்து, 1964 இல், மாண்ட்ரியல் நகரத்து ராபர்ட் காரல் அவற்றை மறுபடி எடுத்து ஆராய்ந்து, அது ஊர்வனவே என்பதை நவீன முறைப்படி நிலைநாட்ட முடிந்தது.

டிக்டாலிக்கின் கதையும் இதற்கு விலக்கல்ல. வட துருவத்தை ஒட்டிய எல்ஸ்மியர் தீவில் 2004 இல் நீல் ஷூபின், டெட் டேஷ்லர், ஃபேரிஷ் ஜென்கின்ஸ் ஆகியோர் கண்டெடுத்த அந்த 37.5 கோடி ஆண்டு மீன், கழுத்தும் மணிக்கட்டும் உடையதாக இருந்தமையால் உலகப் புகழ் எய்தியது. ஆனால் தேடும் இடத்தை அவர்களுக்குக் காட்டியது ஒரு பாடப் புத்தகத்திலிருந்த வரைபடமும், எண்ணெய் வளத்தை நாடிய காலத்தில் புவியியலார் அத்தீவுகளின் பாறைகளை வரிசைப்படுத்தி எழுதி வைத்த அறிக்கையுமே. எலும்பைப் பற்றிச் சிந்தியாத அந்தச் சர்வேக்காரர்களின் உழைப்பு, முப்பது ஆண்டுகள் கழித்துப் பலித்தது. அதே டிக்டாலிக்கின் இடுப்பெலும்பு பற்றிய செய்தி 2014 இல் வந்தது என்றால், பத்து ஆண்டுகள் அது எங்கே இருந்தது என்று கேட்க வேண்டியதில்லை. 2004 இலேயே ஆய்வுக்கூடத்துக்கு வந்துசேர்ந்த பாறைக்குள் இருந்தது. இன்னொரு புறம், போலந்தில் கைவிடப்பட்ட ஒரு கல்குவாரியில் டிக்டாலிக்குக்கும் முற்பட்ட காலடித் தடங்கள் இருப்பதாக 2010 இல் வந்த அறிவிப்பு இந்தச் சீரான வமிச வரிசையையே கலைத்துவிட்டது. 2025 இல் ஆஸ்திரேலியாவிலிருந்து வந்த நகமுள்ள தடங்களோ, ஊர்வன வமிசத்தின் தோற்றத்தை ஜாகின்ஸுக்கும் மூன்றரைக் கோடி ஆண்டுகள் முன்னுக்குத் தள்ளப் பார்க்கின்றன. இன்றைய தீர்மானம் நாளைக்குத் திறக்கப்படும் என்பதற்கு இவற்றைவிட வேறு அத்தாட்சி வேண்டியதில்லை. திறக்கும்போது கைக்கு எடுக்கப் பழைய கற்கள் இருக்க வேண்டும்.

நம் தேசத்தின் விஷயம் என்ன? முதல் நாற்கால் பிராணிகள் தோன்றிய யுகத்துக்குப் பிற்பட்டவையாயினும், கோண்ட்வானாப் பாறைகள் என்று வழங்கும் நம் ஆற்றுப்படுகைகள் ஆதி நில வாழ் பிராணிகளின் எலும்புகளுக்குப் பேர்பெற்றவை. நாகபுரியில் இருந்த பாதிரியார் ஸ்டீபன் ஹிஸ்லாப்பின் முயற்சியால் மங்கலி என்ற கிராமத்திலிருந்து லண்டன் போய்ச் சேர்ந்த ஒரு மண்டையோட்டை, ரிச்சர்ட் ஓவன் 1855 இலேயே 'பிராக்கியோப்ஸ்' என்று வர்ணித்தார். சுதந்திரத்துக்குப் பின் புள்ளியியல் மேதை மகலனோபிஸ், எண்களை ஆராயவென்று கல்கத்தாவில் தாம் தோற்றுவித்த கழகத்தில் புவியியல் பிரிவு ஒன்றையும் அமைத்து, இங்கிலாந்திலிருந்து பமேலா ராபின்சன் அம்மையாரை வரவழைத்தார். பிராணஹிதா, கோதாவரி நதிப் பள்ளத்தாக்கில் அவர்கள் திரட்டிய எலும்புகள் அங்கேயே, பெயரும் எண்ணும் பெற்று, ஆராய்ச்சிக்குக் கிடைக்கின்றன. புள்ளியியல்காரருக்குத் தோன்றிய இந்த யோசனை, இயற்கை வரலாற்றையே காரியமாகக் கொண்ட ஸ்தாபனங்களுக்கு ஏன் தோன்றவில்லை என்று வியப்பதற்கு இடமுண்டு. 2016 ஏப்ரலில் தில்லியிலிருந்த தேசிய இயற்கை வரலாற்று அருங்காட்சியகம் ஓரிரவுத் தீயில் நாசமாயிற்று. பத்திரிகைகள் சில நாள் எழுதின, பின்பு மறந்தன. 2022 டிசம்பரில் மத்திய சுரங்க அமைச்சகம், புவியியல் சிறப்புடைய தலங்களையும் புதைபடிவங்கள் போன்றவற்றையும் பாதுகாப்பதற்கென ஒரு வரைவு மசோதாவைப் பொதுமக்களின் பார்வைக்கு வைத்தது. அதன் நோக்கத்தை வரவேற்கிறேன். ஆயினும் சட்டத்தால் கல்லைத் திருடாதே என்று சொல்ல முடியுமே ஒழிய, கல்லின் சீட்டை வாசிக்கத் தெரிந்த ஒருவருக்கு மாதச் சம்பளம் கொடுக்கச் சட்டத்தால் முடியாது. அதை வரவு செலவுத் திட்டந்தான் செய்ய வேண்டும். ஒரு கல்லூரியின் புவியியல் துறையில் பேராசிரியர் ஓய்வு பெற்றதும், அவர் முப்பது ஆண்டுகள் மாணவர்களோடு அலைந்து சேர்த்த கற்களை அறையைக் காலி செய்யும் பொருட்டு வெளியே வாரிப் போட அனுமதிக்கக் கூடாது. பட்டியல் எழுதி, பொறுப்பேற்கும் ஒருவரிடம் கையெழுத்து வாங்கிய பிறகே அறை கைமாற வேண்டும். இதற்குக் கோடிகள் தேவையில்லை. ஓர் உத்தரவும், ஒரு பதவியும், ஈரமில்லாத ஓர் அறையும் போதும்.

ஏழை நாட்டுக்கு இதெல்லாம் ஆடம்பரம் என்பவர்களுக்குப் பதில் சொல்வது சுலபம். தூரதேசப் பயணத்தைவிட இழுப்பறை மலிவு. இக்காலத்தில் எழும் வேறோர் ஆட்சேபம் சற்றுச் சாமர்த்தியமானது. எல்லாவற்றையும் கணினியில் படமெடுத்து வைத்துக்கொண்டால், பாரமும் இடநெருக்கடியும் உண்டாக்கும் கற்கள் எதற்கு என்று கேட்கிறார்கள். கிரீன்லாந்தே இதற்கும் பதில் வைத்திருக்கிறது. 1987 இல் கொண்டுவந்த அகாந்தோஸ்டீகாவின் எலும்புகளை அன்றைக்கு இருந்த எந்தக் கருவியால் படமெடுத்திருந்தாலும், அவற்றின் வெளி வடிவமும் கொஞ்சம் உள்ளமைப்பும் தெரிந்திருக்கும், அவ்வளவே. 2016 இல் ஸோபி ஸான்ஷேஸும் அவருடைய தோழர்களும் பிரான்சின் கிரெனோபிள் நகரத்து ஸிங்க்ரோட்ரான் என்னும் மகாயந்திரத்தின் கதிர்களில் அதே மேற்கை எலும்புகளை வைத்துப் பார்த்தபோது, உள்ளே ஆண்டுதோறும் வளர்ந்த வளையங்கள் புலப்பட்டன. எண்ணிப் பார்த்ததில், குறைந்தது ஆறு வயதாகியும் அந்தப் பிராணிகள் இன்னும் பருவமடையவில்லை என்று தெரிந்தது. உலகமே முப்பது ஆண்டுகளாக வளர்ந்த பிராணிகள் என்று எண்ணிவந்த அந்தக் கூட்டம், ஒரே இடத்தில் சேர்ந்து மாண்ட குஞ்சுகளின் கூட்டம். வளர்ந்த அகாந்தோஸ்டீகா எப்படி இருந்தது, எங்கே வாழ்ந்தது என்பதை இனிமேல்தான் தேட வேண்டும். கிரீன்லாந்து மலையில் தேடுவதற்கு முன்னால், கேம்பிரிட்ஜிலும் கோபன்ஹேகனிலும் மீன் என்று சீட்டு ஒட்டிய பெட்டிகளை ஒருமுறை திறந்து பார்ப்பது உசிதம்.